ஒரே ஒரு ரேஸ் ஜெயித்தவர் எப்படி சாம்பியன் ஆனார்?

தண்டையார்பேட்டையில் நாங்கள் நிற்கும் டீக்கடையில் ரேஸ் பேச்சுக்கு எப்போதும் பஞ்சமில்லை. முன்பெல்லாம் அது பைக் பேச்சு. எண்ணூர் எக்ஸ்பிரஸ் ரோட்டில் நேற்று ராத்திரி எவன் எவ்வளவு முறுக்கினான் என்று, போலீஸ் காதில் விழாத அளவுக்குக் குரலைத் தாழ்த்திப் பேசுவது. 2024 ஆகஸ்ட் கடைசியில் தீவுத்திடலைச் சுற்றி ஃபார்முலா 4 இரவுப் பந்தயம் நடந்தது. அடுத்த ஜனவரியில் அஜித் தன் அணியோடு துபாய் 24 மணி நேரப் பந்தயத்துக்குப் போனார். அதோடு பேச்சு காருக்கு மாறிவிட்டது. இப்போது குரலைத் தாழ்த்துவதில்லை. விஷயம் தெரிந்து பேசுகிறார்களா என்பது வேறு கதை.

ஒருநாள் பாலிடெக்னிக் படிக்கும் பையன் ஒருவன் போனில் ஒரு பெயரைக் காட்டினான். காலின் டர்கிங்டன், பிரிட்டிஷ் டூரிங் கார் சாம்பியன், நான்கு முறை.

"டூரிங் காரா? டூரிஸ்ட் வண்டிய வெச்சி ரேஸ் வுடுறானுங்களா?" என்றார் துறைமுகத்துக்கு கண்டெய்னர் லாரி ஓட்டும் அண்ணன்.

"அது இல்லண்ணா. மேட்டரே வேற. 2018-ல இந்தாளு மொத்தம் முப்பது ரேஸ்ல ஒண்ணே ஒண்ணுதான் ஜெயிச்சிருக்காரு. ஆனா சாம்பியன்."

"ஒண்ணு ஜெயிச்சவன் சாம்பியன்னா, மீதி இருபத்தொம்போது ஜெயிச்சவன் இன்னா பண்ணான்? இது ஏதோ ஏமாத்து வேலையா கீது தம்பி."

அண்ணனின் கேள்வி நியாயமானது. ஓட்டப் பந்தயம் என்றால் முதலில் வந்தவன் ஜெயித்தவன், அதிகம் ஜெயித்தவன் பெரியவன். அப்படித்தான் எல்லோரும் நினைக்கிறோம். டூரிங் கார் உலகம் அப்படி இயங்குவதில்லை. அது எப்படி இயங்குகிறது என்று தெரிந்தால்தான் அங்கே ஒரு சாம்பியன் எதைச் சாதித்தார் என்பதும் புரியும். அன்று டீ ஆறும்வரை நான் சொன்னதைத்தான் இங்கே கொஞ்சம் ஒழுங்குபடுத்தி எழுதுகிறேன்.

டூரிங் என்றால் டூர் அல்ல

நம் ஊரில் 'டூரிங்' என்றதும் ஒரு தலைமுறைக்கு டூரிங் டாக்கீஸ் ஞாபகம் வரும், இன்னொரு தலைமுறைக்கு மஞ்சள் போர்டு டாக்ஸி. பழைய காலத்தில் குடும்பத்தோடு நெடும்பயணம் போக ஏற்ற காருக்கு 'டூரிங் கார்' என்று பெயர் இருந்தது உண்மைதான். பந்தய உலகில் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டு பொருள் மாறிவிட்டது. கடையில் விற்கும் சாதாரணக் காரின் கூட்டை எடுத்து, உள்ளே பந்தயத்துக்காக மாற்றியமைத்தால் அது டூரிங் கார். கூரை இருக்கும், கதவு இருக்கும், பார்த்தவுடன் 'இது பிஎம்டபிள்யூ, இது ஹோண்டா' என்று சொல்லிவிடலாம்.

தீவுத்திடலில் ஓடியவை ஃபார்முலா கார்கள். கூரை கிடையாது, சக்கரம் நான்கும் வெளியே துருத்திக்கொண்டிருக்கும், ஒரே ஆள்தான் உட்கார முடியும், ரோட்டுக்கு அதை எடுத்து வரவே முடியாது. அஜித் துபாயில் ஓட்டியது ஜிடி வகை, அதாவது போர்ஷே மாதிரியான விலை உயர்ந்த ஸ்போர்ட்ஸ் காரிலிருந்து உருவானது. டூரிங் காருக்கு மூலம் அந்த மாதிரி ஆடம்பர வண்டி அல்ல. பக்கத்து வீட்டு வாசலில் நிற்கிற வண்டி.

பிரிட்டனில் இந்தப் பந்தயத் தொடர் தொடங்கியது 1958-இல். 1960-இல் பட்டம் வென்ற டாக் ஷெப்பர்ட் ஓட்டிய கார் ஆஸ்டின் ஏ40. அந்தப் பெயர் நம் பக்கத்துக்காரர்களுக்குப் புதிதல்ல. அசோக் லேலண்ட், அசோக் மோட்டார்ஸாக இருந்த காலத்தில், எண்ணூரில் பாகம் பாகமாகக் கோத்து வெளியே அனுப்பியது ஆஸ்டின் ஏ40 கார்களைத்தான். ஷெப்பர்ட் ஓட்டியது பின்னால் வந்த வேறு உருவம். ஆனாலும் அதே குடும்பப் பெயர்.

மீன்பாடி வண்டி தெரிந்தவர்களுக்குப் பாதி புரிந்த மாதிரி

காசிமேட்டில் மீன்பாடி வண்டியைப் பார்க்காதவர் இருக்க முடியாது. சைக்கிள் ரிக்‌ஷாவின் உடம்பு, அதில் பழைய ஸ்கூட்டரோ பைக்கோ கொடுத்த இன்ஜின், வெல்டிங் கடையில் போட்ட பலகை. தூரத்திலிருந்து பார்த்தால் மூன்று சக்கர சைக்கிள். கிட்டே போனால் வேறு பிறவி.

டூரிங் காரும் அப்படித்தான், ரொம்ப நேர்த்தியாகச் செய்த மீன்பாடி வண்டி. சீட்டு, ஏசி, தரைவிரிப்பு எல்லாவற்றையும் கழற்றி எறிந்துவிடுவார்கள். உள்ளே இரும்புக் குழாய்களால் ஒரு கூண்டு கட்டுவார்கள். கார் உருண்டாலும் ஓட்டுநர் நசுங்காமல் இருக்க அந்தக் கூண்டுதான் காவல். இன்ஜின் இரண்டு லிட்டர் டர்போ, 300 குதிரைத்திறனுக்கு மேல்.

இங்கேதான் முதல் சூட்சுமம். பிரிட்டிஷ் தொடரில் 2011 முதல் படிப்படியாக வந்த விதிகளின்படி பிரேக், கியர்பாக்ஸ், சஸ்பென்ஷனைத் தாங்கும் சட்டம் போன்ற முக்கிய உறுப்புகள் எல்லாக் கார்களுக்கும் பொது. ஒரே இடத்திலிருந்து வாங்கித்தான் போட வேண்டும். டயரும் எல்லோருக்கும் ஒரே கம்பெனி. வெளியே பத்து பிராண்டு பெயர் இருந்தாலும் உள்ளே பெரும்பாலும் ஒரே சமையல். பணக்கார அணி ஒன்று கோடிகளைக் கொட்டித் தனக்கு மட்டும் அதிசய பிரேக் செய்துகொண்டு ஓட முடியாது.

இதுவரை சொன்னதன் சாரம் இவ்வளவுதான்: டூரிங் கார் என்பது ரோட்டுக் காரின் தோலைப் போர்த்திய பந்தய வண்டி. கார்களுக்குள் பெரிய வித்தியாசம் வராதபடி விதிகளே பார்த்துக்கொள்கின்றன.

செங்குன்றம் தாண்டி ஒரு சின்ன சுற்று

வடசென்னைக்காரர்களுக்கு இதெல்லாம் வெள்ளைக்காரன் விஷயம் என்று தோன்றினால், ஜிஎன்டி ரோட்டில் செங்குன்றம் தாண்டிப் போய் சோழவரத்தில் பெரியவர்கள் யாரையாவது கேளுங்கள். இரண்டாம் உலகப் போர்க் காலத்து விமான ஓடுதளம் அங்கே இருந்தது. 1953-இல் தொடங்கிய மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் அந்த ஓடுதளத்தில் பல ஆண்டுகள் பந்தயம் நடத்தியது. 'சோழவரம் ரேஸ்' என்றால் ஊரே போய் வேலி ஓரம் நிற்கும். வீட்டு வாசலிலிருந்து ஃபியட்டை ஓட்டிக்கொண்டு வந்து, பந்தயத்தில் விட்டு, உயிரோடிருந்தால் அதிலேயே வீட்டுக்குத் திரும்பிய காலம் அது. டூரிங் கார் பந்தயத்தின் ஆதி வடிவமே அதுதானே.

1990-இல் ஸ்ரீபெரும்புதூர் அருகே இருங்காட்டுக்கோட்டையில் 3.7 கிலோமீட்டர் நீளத்தில் முறையான ஓடுபாதை வந்தது. பந்தயம் மேற்கே போய்விட்டது, வடக்கே வெறும் ஞாபகம் மட்டும். தேசிய அளவிலான இந்தியன் டூரிங் கார் பிரிவு இன்று அங்கே நடக்கிறது. அந்தப் பந்தயங்களுக்குப் பின்னால் நிற்கும் எம்ஆர்எஃப், 1946-இல் திருவொற்றியூரில் ஒரு கொட்டகையில் பலூன் செய்து தொடங்கியது என்பதை மட்டும் நாம் விட்டுக்கொடுக்க வேண்டாம்.

வண்டியா, ஆளா?

எந்தக் கார் பந்தயத்திலும் தீராத சண்டை இது. ஜெயித்தது காரா, ஓட்டுநரா? டீக்கடையில் மட்டுமல்ல, அதை நடத்துகிறவர்களுக்குள்ளேயே இந்தச் சண்டை முதல் ஆண்டே வந்துவிட்டது.

1958 தொடர் முடிந்தபோது ஜாக் சியர்ஸும் டாமி சாப்வித்தும் சரிசமமான புள்ளியில் நின்றார்கள். நாணயம் சுண்டிப் பார்க்கலாம் என்ற யோசனையை இருவருமே ஏற்கவில்லை. கடைசியில் ஒரே மாதிரியான இரண்டு ரைலி கார்களைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். ஐந்து சுற்று ஓட்ட வேண்டும். பிறகு காரை மாற்றிக்கொண்டு இன்னும் ஐந்து சுற்று. 'உன் வண்டி நல்ல வண்டி' என்று யாரும் சொல்ல முடியாது பாருங்கள். இரண்டு நேரத்தையும் கூட்டிப் பார்த்தபோது சியர்ஸ் முந்தியிருந்தார், 1.6 விநாடியில்.

எனக்கு இந்தக் கதை ரொம்பப் பிடிக்கும். கேரம் ஆடும்போது 'பலகை அவன் பக்கம் சாஞ்சிருக்கு' என்று ஒருவன் குறை சொன்னால் இடம் மாறி உட்காரச் சொல்வோமே, அதே தீர்ப்பு. ஆனால் முப்பது கார்கள் ஓடும் பந்தயத்தில் ஒவ்வொரு முறையும் இடம் மாறி உட்கார முடியாது. அதனால் பின்னால் வந்தவர்கள் வேறொரு வழியைப் பிடித்தார்கள். அண்ணன் 'ஏமாத்து வேலை' என்று சந்தேகப்பட்டது அதைத்தான்.

ஜெயித்தவன் வண்டியில் மூன்று சிப்பம் அரிசி

கேரம் என்று சொன்னதால் அங்கிருந்தே தொடங்குகிறேன். 2024-இல் அமெரிக்காவில் நடந்த கேரம் உலகக் கோப்பையில் தங்கம் வென்ற காசிமா புதுவண்ணாரப்பேட்டைப் பெண். அவர் நம் தெரு கிளப்புக்கு வந்து நம்மோடு ஆட உட்கார்ந்தால் என்ன ஆகும்? நாம் ஸ்டிரைக்கரைத் தொடுவதற்குள் போர்டு முடிந்துவிடும். ஆட்டம் சுவாரசியமாக இருக்க வேண்டுமென்றால், 'உங்களுக்குப் பத்து பாயின்ட் முன்னாடியே குடுத்துட்டேன், ஆடுங்க' என்று அவர் சொல்ல வேண்டியிருக்கும்.

டூரிங் கார் பந்தயத்தில் அந்த விட்டுக்கொடுத்தலை ஆட்டக்காரரின் பெருந்தன்மைக்கு விடுவதில்லை. விதியாகவே எழுதி வைத்திருக்கிறார்கள். புள்ளிப் பட்டியலில் மேலே இருப்பவரின் காரில் கூடுதல் எடையை ஏற்றுவார்கள். இதற்குப் பெயர் வெற்றிப் பாரம். 2018-இல் பட்டியலின் முதலிடக்காரர் சுமந்தது 75 கிலோ. அடுத்தடுத்த இடங்களுக்கு எடை படிப்படியாகக் குறையும், பத்தாமிடத்துக்குப் பிறகு எதுவும் இல்லை. 75 கிலோ என்றால் மூன்று சிப்பம் அரிசி. சுமார் 1,300 கிலோ எடையுள்ள காரில் மூன்று சிப்பம் என்ன பெரிய விஷயம் என்று தோன்றும்.

லாரி அண்ணனுக்கு இதை விளக்கவே தேவையில்லை. காலி டிரெய்லரும் லோடு டிரெய்லரும் ஒரே மாதிரியா நிற்கும்? மேம்பாலத்திலிருந்து இறங்கும்போது முன்னால் ஒரு ஷேர் ஆட்டோ திடீரென்று நின்றால், கண்டெய்னர் ஏற்றிய வண்டிக்கு எத்தனை அடி முன்னாலேயே பிரேக்கில் கால் வைக்க வேண்டும் என்பது அவர் உடம்புக்கே தெரியும். பிரேக் செய்யும் வேலை, ஓடும் வண்டியின் வேகத்தை வெப்பமாக மாற்றித் தொலைப்பது. எடை 6 சதவீதம் கூடினால் தொலைக்க வேண்டிய ஆற்றலும் அதே 6 சதவீதம் கூடுகிறது. அதாவது ஒவ்வொரு வளைவுக்கும் கொஞ்சம் முன்னதாகவே பிரேக் பிடிக்க வேண்டும். வளைவு முடிந்து வேகமெடுக்கும்போதும் அந்த எடையை இழுத்துக்கொண்டு போக வேண்டும்.

இதைவிடப் பெரிய அடி டயருக்கு. ரோட்டைக் கவ்விப் பிடிக்கும் திறனைப் பிடிப்பு என்போம். டயர் மேல் எடை கூடக்கூடப் பிடிப்பும் கூடும், ஆனால் அதே விகிதத்தில் அல்ல. எடை இரட்டித்தால் பிடிப்பு இரட்டிக்காது, கொஞ்சம் குறைவாகத்தான் ஏறும். ஆக, கனமான கார் வளைவில் அதே வேகத்தில் திரும்பப் பார்த்தால் வழுக்கும். வழுக்கிய டயர் சூடாகும். சூடான டயர் பந்தயத்தின் பின்பாதியில் கைவிடும். ஒரு சுற்றுக்குக் கால் விநாடி நஷ்டம் என்று வைத்துக்கொண்டாலே, இருபது சுற்றில் ஐந்து விநாடி. இந்தப் பந்தயங்களில் ஐந்து விநாடிக்குள் ஏழெட்டு கார்கள் வரிசைகட்டி நிற்கும்.

இன்னொரு திருகலும் உண்டு. ஒரே நாளில் மூன்று பந்தயம். முதல் பந்தயத்தில் வந்த வரிசையில் இரண்டாவதற்கு நிற்பார்கள், அதன் பாரமும் முதல் பந்தய முடிவைப் பொறுத்து மாறும். மூன்றாவதற்கு வந்தால் வரிசையில் ஒரு பகுதியைத் தலைகீழாக்கிவிடுவார்கள். அப்போதைய விதிப்படி 6-லிருந்து 10-க்குள் ஒரு எண்ணைக் குலுக்கி எடுப்பார்கள். எட்டு வந்தால் இரண்டாவது பந்தயத்தில் எட்டாவது வந்தவர் முன்னால் நிற்பார், ஜெயித்தவர் எட்டாவது இடத்துக்குப் போவார். பந்தியில் முதலில் உட்கார்ந்தவனை எழுப்பிக் கடைசி வரிசைக்கு அனுப்புகிற மாதிரி.

"அப்போ நல்லா ஓட்றவனுக்குத் தண்டனைன்னு சொல்லு" என்றார் அண்ணன்.

ஒருவகையில் ஆமாம். இந்த விதியை வெறுப்பவர்கள் நிறைய பேர். எனக்கும் மூன்றாவது பந்தயத்தின் குலுக்கல் கொஞ்சம் சர்க்கஸ்தனமாகத்தான் படுகிறது. ஆனால் பாரமே இல்லாவிட்டால் என்ன நடக்கும் என்பதற்கும் உதாரணம் இருக்கிறது. 1979-இல் ஆஸ்திரேலியாவின் பாதர்ஸ்ட் 1000 பந்தயத்தில் பீட்டர் பிராக்கும் ஜிம் ரிச்சர்ட்ஸும் சேர்ந்து ஓட்டிய ஹோல்டன் டொரானா ஜெயித்தது ஆறு சுற்று வித்தியாசத்தில். ஆறு விநாடி அல்ல, ஆறு முழுச் சுற்று. அதற்கு மேல், கடைசிச் சுற்றில் பிராக் சுற்றுச் சாதனையையும் முறியடித்தார். பிராக்கின் மேதைமைக்கு அது அழியாத சாட்சி. டிக்கெட் எடுத்துப் பார்க்க வந்தவனுக்கு இரண்டாம் இடத்துச் சண்டைதான் மிச்சம்.

பிரிட்டனில் இரும்பும் ஈயமுமாக ஏற்றிய அந்தப் பாரம் 2022-இல் போய்விட்டது. அதற்குப் பதில், காரில் சேர்த்த மின்மோட்டாரின் கூடுதல் உந்துதலை முன்னணியில் இருப்பவருக்குக் குறைத்தார்கள். 2025-இல் அந்த மின்மோட்டாரையும் எடுத்துவிட்டார்கள். கருவி மாறுகிறது, முன்னால் போகிறவனின் சட்டையைப் பிடித்து இழுக்கும் பழக்கம் மாறவில்லை.

ஆக, இங்கே ஜெயிப்பதற்கு ஒரு விலை உண்டு. இன்று ஜெயித்தால் நாளை சுமக்க வேண்டும். தொடர்ந்து ஜெயிப்பது கிட்டத்தட்ட முடியாத காரியம், விதிகளை அப்படித்தான் செய்திருக்கிறார்கள்.

ஐந்தாவதாக வந்தே பட்டம்

இனி கூட்டல் கணக்கு. பிடிசிசி என்று சுருக்கமாக அழைக்கப்படும் பிரிட்டிஷ் தொடரில் முதலிடத்துக்கு 20 புள்ளி. அடுத்து 17, 15, 13, 11, 10 என்று இறங்கி, பதினைந்தாமிடத்துக்கு 1. வேகமான சுற்று, பந்தயத்தில் ஒரு சுற்றாவது முன்னிலை என்று சில்லறைப் புள்ளிகளும் உண்டு.

ஒருநாள் மூன்று பந்தயத்தில் ஒருவர் முதலாவதில் ஜெயிக்கிறார், இரண்டாவதில் மோதி நிற்கிறார், மூன்றாவதில் பதினாறாவது வருகிறார். சில்லறையை விட்டுவிட்டால் மொத்தம் 20. இன்னொருவர் ஐந்தாவது, நான்காவது, ஆறாவது என்று வருகிறார். 11, 13, 10. மொத்தம் 34. கோப்பையோடு போட்டோ முதல் ஆளுக்கு, புள்ளி இரண்டாவது ஆளுக்கு.

சீட்டுப் பணம் கட்டுகிறவர்களுக்கு இது புரியும். ஒரு மாதம் தடபுடலாகக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு மூன்று மாதம் கண்ணில் படாதவனையா சீட்டுக்கார அம்மா நம்புவார்? மாதா மாதம் ஐந்தாம் தேதி சத்தமில்லாமல் வந்து கட்டுகிறவளைத்தான். முப்பது பந்தயத்திலும் ஒருவர் ஐந்தாவதாகவே வந்தால் 330 புள்ளி. 2018-இல் சாம்பியன் எடுத்த மொத்தப் புள்ளியே அதைவிடக் குறைவு.

அந்த 2018 தொடரில் முப்பது பந்தயத்தை 17 வெவ்வேறு ஓட்டுநர்கள் ஜெயித்தார்கள். 'மீதி இருபத்தொன்பது ஜெயிச்சவன்' என்று ஒருவன் இருக்கவே இல்லை. ஒன்றை ஜெயித்து, மற்றவற்றில் பாரத்தோடு புள்ளியைத் திரட்டிக்கொண்டே போன டர்கிங்டனுக்குப் பட்டம்.

போர்ட்டடவுன்காரர்

காலின் டர்கிங்டன் வட அயர்லாந்தின் போர்ட்டடவுன் ஊர்க்காரர், 1982-இல் பிறந்தவர். அங்கே வயல்வெளிப் புல்தரையில் பழைய காரை விரட்டும் பந்தயங்கள் உண்டு. அதில் தொடங்கியவர். பிடிசிசிக்கு 2002-இல் வந்தபோது அவர் ஓட்டிய எம்ஜி காரில் அட்டாமிக் கிட்டன் என்ற பெண்கள் பாப் குழுவின் பெயர் எழுதியிருந்தது. அணியின் பெயரே அதுதான். எதிர்காலத்தில் நான்கு பட்டம் வெல்லப் போகிறவர் அப்படி ஒரு பெயர்ப்பலகையோடு வந்து இறங்கியதை நினைத்தால் எனக்கு இன்னும் சிரிப்பு வரும்.

அவருடைய வாழ்க்கையில் திரும்பத் திரும்ப வரும் பெயர் டபிள்யூஎஸ்ஆர் அணி. நியூசிலாந்தில் பிறந்த டிக் பென்னட்ஸ் நடத்திய அணி அது. 1983-இல் பிரிட்டிஷ் ஃபார்முலா 3-இல் பின்னாளில் ஃபார்முலா 1 உலக சாம்பியனான அயர்டன் சென்னா பட்டம் வென்றது இந்த அணியின் காரில்தான். டர்கிங்டனின் நான்கு பட்டங்களும், 2009, 2014, 2018, 2019, இதே அணி தயார் செய்த பிஎம்டபிள்யூ கார்களில் வந்தவை.

பிஎம்டபிள்யூ பின்சக்கரத்தால் உந்தப்படும் வண்டி. எதிரிகள் பலரும் ஓட்டியவை முன்சக்கர உந்துதல். மாநகரப் பேருந்து திடீரென்று கிளம்பினால் நிற்பவர்கள் பின்னால் சாய்கிறார்கள் அல்லவா? கார் கிளம்பும்போதும் எடை அப்படியே பின்சக்கரத்துக்குப் போகும். உந்துகிற சக்கரம் அதுவே என்றால் பிடிப்பு கிடைக்கும், சிட்டாகக் கிளம்பும். முன்சக்கர வண்டியில் பாவம், இழுப்பதும் திருப்புவதும் அதே இரண்டு டயர்கள், சீக்கிரம் தேய்ந்து களைக்கும். இதனால்தான் அவர் ஜெயித்தார் என்று சொல்கிறவர்கள் உண்டு. அதே பிஎம்டபிள்யூவை ஓட்டிய சக வீரர்களும் ஒவ்வோர் ஆண்டும் இருந்தார்களே என்பது என் பதில்.

2009 கடைசி நாளைப் பார்த்தால் இந்தத் தொழிலின் விசித்திரம் விளங்கும். இங்கிலாந்தின் பிராண்ட்ஸ் ஹாட்ச் ஓடுபாதையில் அன்று நடந்த மூன்று பந்தயத்தையும், பட்டத்துக்குப் போட்டியிட்ட ஜேசன் பிளேட்டோ ஜெயித்தார். மூன்றையும்! பட்டம் டர்கிங்டனுக்கு, ஐந்தே புள்ளி வித்தியாசத்தில். ஆண்டு முழுக்கச் சேர்த்ததை அன்று ஒரு நாளில் யாராலும் பிடுங்க முடியவில்லை.

சாம்பியன் ஆனவுடன் வாழ்க்கை செட்டில் என்று நினைக்கிறோம். அடுத்த ஆண்டு அவருக்கு பிடிசிசியில் வண்டியே இல்லை. அணிக்குப் பணம் போட்ட ஸ்பான்சர் விலகிவிட்டது. பட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு 2010-இல் உலக டூரிங் கார் தொடரில் கிடைத்த சில பந்தயங்களை மட்டும் ஓட்டினார். ஜப்பானின் ஒகயாமாவில் ஒன்றை ஜெயித்தும் காட்டினார். பிறகு ஸ்காண்டிநேவிய நாடுகளின் தொடருக்குப் போனார். 2013-இல்தான் திரும்பி வந்தார், அடுத்த ஆண்டே மறுபடி சாம்பியன். அதற்கப்புறம் அணி மாறி 2015-இல் ஃபோக்ஸ்வேகன், 2016-இல் பின்பக்கம் நீண்ட சுபாரு லெவோர்க் என்று சுற்றிவிட்டு, 2017-இல் பழைய அணிக்கே வந்து சேர்ந்தார்.

2019 பட்டம் கடைசிப் பந்தயத்தின் கடைசி நேரத்தில் வந்தது. முந்தைய பந்தயத்தில் ஒரு மோதலில் சிக்கிப் பின்னால் தள்ளப்பட்டு, மூன்றாவதை வரிசையின் அடியிலிருந்து தொடங்க வேண்டிய நிலை. பட்டம் போட்டியாளர் டான் கேமிஷ் கைக்குப் போய்விட்டது என்றே எல்லோரும் நினைத்தார்கள். பந்தயம் முடியும் தறுவாயில் கேமிஷின் காரில் பிரேக் கைவிட்டது. ஒவ்வொரு காராகத் தாண்டி முன்னால் வந்திருந்த டர்கிங்டனுக்கு இரண்டு புள்ளியில் பட்டம். அதிர்ஷ்டம்தான், மறுக்க முடியாது. ஆனால் அவர் பின்னாலேயே நின்றிருந்தால் அந்த அதிர்ஷ்டம் வேறொருவர் வீட்டுக் கதவைத் தட்டியிருக்கும்.

கடைசியில் எது நிற்கிறது?

எண்ணிக்கையை மட்டும் பார்த்தால் ஒரு முரண் தெரியும். பிடிசிசி வரலாற்றில் அதிக வெற்றிகள் பிளேட்டோவுடையவை, மொத்தம் 97. அவருக்குக் கிடைத்த பட்டங்கள் இரண்டு. நான்கு பட்டம் என்ற உச்சத்தை ஆண்டி ரௌஸ் 1985-இலேயே தொட்டார். தன் கார்களைத் தானே பொறியாளராக நின்று செதுக்கியவர் அவர். பிறகு டர்கிங்டன், பிறகு 2023-இல் ஆஷ் சட்டன். பார்த்து ரசிக்க எனக்குப் பிடித்தவர் பிளேட்டோதான். அவர் ஓட்டினால் நாற்காலி நுனிக்கு வந்துவிடுவோம். ஆனால் சொந்தக் காசைப் போட்டு அணி நடத்தி, சம்பளத்துக்கு ஓட்டுநர் வைக்கச் சொன்னால் டர்கிங்டனைத்தான் வைப்பேன்.

இந்த வகைப் பந்தயத்தில் வயதும் வேறு மாதிரி வேலை செய்கிறது. இத்தாலியரான காப்ரியேலே தர்குயினி ஃபார்முலா 1-இல், பந்தயத்தைத் தொடங்கும் தகுதிகூடக் கிடைக்காமல் திரும்பிய நாட்களுக்காகப் பெயர் பெற்றவர். டூரிங் காருக்கு வந்து 1994-இல் பிரிட்டிஷ் பட்டம், 2009-இல் உலகப் பட்டம். 2018-இல் உலக டூரிங் கார் கோப்பையை வென்றபோது அவருக்கு வயது 56. எடையைச் சுமந்துகொண்டு, டயரைச் சாகவிடாமல், எந்த இடத்தில் விட்டுக்கொடுத்தால் எந்த இடத்தில் திரும்பக் கிடைக்கும் என்று கணக்குப் போடும் வேலையில் நரைமுடி பலவீனம் அல்ல.

டீ கிளாஸ்கள் காலியாகிவிட்டன. பையன் போனை உள்ளே வைத்தான். அண்ணன் மட்டும் இன்னும் யோசனையில் இருந்தார்.

"எல்லாம் சரி. அந்த எழுவத்தஞ்சு கிலோவ எங்க தம்பி வெப்பானுங்க? டிக்கியிலயா?"

டிக்கியில் இல்லை, ஓட்டுநருக்குப் பக்கத்தில், சீட்டைக் கழற்றிய காலி இடத்தில் தரையோடு தரையாக போல்ட் போட்டு முடுக்குவார்கள் என்றேன்.

அண்ணன் சிரித்தார். "கிளீனர் உக்கார்ற எடம்."